கடையில் வாங்கிய டில் பிக்கிளை இனிப்பு ஊறுகாயாக்கும் முறை

வெள்ளரிப் பிஞ்சை நாள்கணக்கில் உப்புநீரில் போட்டுச் செய்யும் இனிப்பு ஊறுகாய்க்கு, அமெரிக்காவின் தென்மாநில வீடுகளில் ஓர் எளிய வழி உண்டு. சதகுப்பை சேர்த்து வினிகரில் ஊறிய டில் பிக்கிளைக் கடையில் வாங்கி, நீரை வடித்துவிட்டுச் சர்க்கரையில் மறுபடி ஊறப்போடுவதே அது. காயில் உப்பும் புளிப்பும் முன்பே ஏறியிருப்பதால், சர்க்கரையை நிதானமாக ஏற்றுவது மட்டுமே நம் வேலை.

முழுக் காயாக உள்ள புட்டியையே வாங்குங்கள். வில்லைகளாக நறுக்கி விற்பதை ஒருமுறை வாங்கிச் செய்தபோது, நான்காம் நாளே துவண்டு, கடிக்கையில் நறுக்கென்ற ஓசையே இல்லாமல் போயிற்று. நம் ஊர்க் கடைகளில் கெர்கின் என்ற பெயரில் கிடைப்பதும் ஏற்றதுதான். 1990களின் தொடக்கத்தில் கர்நாடகத்தில் ஏற்றுமதிக்காகப் பயிராகி, பின்பு தமிழ்நாட்டுக்கும் பரவிய பிஞ்சு அது. ஆனால் அதில் முன்பே சர்க்கரை சேர்த்திருக்கிறார்களா என்று புட்டியின் சீட்டைப் படித்துப் பார்த்து வாங்க வேண்டும்.

ஏறத்தாழ 1 லிட்டர் புட்டிக்கு 400 கிராம் சர்க்கரை, அரைக் கோப்பை ஆப்பிள் சிடர் வினிகர், விரல் நீளப் பட்டை, 4 கிராம்பு, 1 தேக்கரண்டி கடுகு, 3 பல் பூண்டு போதும். காரம் விரும்புவோர் 2 காய்ந்த மிளகாயைக் கிள்ளிப் போடலாம். காயைக் கழுவாமல், நீரை மட்டும் ஒட்ட வடித்து, கால் அங்குலக் கனத்தில் நறுக்கி, மசாலாவோடு அதே புட்டியில் அடுக்கி வினிகரை ஊற்றுங்கள்.

சர்க்கரையை ஒரேயடியாகக் கொட்டக் கூடாது. அது காயிலுள்ள நீரை வெளியே இழுக்கும். மொத்தமாகப் போட்டால் நீர் விரைந்து வெளியேறி, வில்லைகள் சுருங்கித் தோல்போல் ஆகிவிடும். எனவே மூன்று பங்காக்கி, நாளுக்கு ஒரு பங்காக மூன்று நாள்கள் சேர்த்து, மூடியை இறுக்கிக் குளிர்பெட்டியில் வையுங்கள். இரண்டாம் நாள் காலையில் அடியில் வெள்ளையாகச் சர்க்கரை படிந்திருக்கும். புட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்துவைத்தால் மாலைக்குள் அது கரைந்து மேலெல்லாம் பரவும். நாள்தோறும் இப்படிப் புரட்டிவர, அடுப்பே இல்லாமல் பாகு தானே ஊறி, மங்கிய பச்சையாக இருந்த வில்லைகளின் ஓரம் கண்ணாடிபோல் தெளியும்.

ஒரு வாரத்தில் சுவை பிடித்துவிடும். எப்போதும் குளிர்பெட்டியிலேயே வைத்து, ஈரமில்லாத கரண்டியால் எடுக்க வேண்டும். மிஞ்சும் பாகை உருளைக்கிழங்கு சாலட்டில் கலந்துகொள்ளலாம்.