இருட்டில் நிற்கும் ஈமுவைப் பார்க்கப் போகிறவர்களுக்கு

சிட்னியிலிருந்து கூனபாரப்ரன் ஊருக்கு ஏறக்குறைய 450 கிலோமீட்டர். பால்வீதியின் கரிய திட்டுகளில் ஆஸ்திரேலியப் பூர்வகுடிகள் காணும் ஈமுப் பறவையைப் பார்க்க இதுவரை மூன்று முறை போய்விட்டேன். முதல் முறை ஒன்றுமே பார்க்காமல் திரும்பினோம். லீவு கிடைத்த வாரத்தில் கிளம்பினோம், அது பௌர்ணமி வாரம். வானம் முழுக்கப் பால் கொட்டியதுபோல் வெளிச்சம். வழிகாட்டி கைகாட்டிக் காட்டிக் கதை சொன்னார், அவர் காட்டிய இடத்தில் எங்கள் கண்ணுக்கு எதுவும் தெரியவில்லை. மூன்றாம் முறை, அம்மா ஊரிலிருந்து வந்திருந்தபோது, அமாவாசையை ஒட்டிப் போனோம். அன்றைக்குத்தான் ஈமுவைப் பார்த்தேன். நடுவில் கற்றுக்கொண்டதையெல்லாம் எழுதிவைக்கிறேன். உங்களுக்கு முதல் தடவையே வாய்க்க வேண்டும்.

முதலில் தேதி. வீட்டில் தொங்கும் தினசரி நாட்காட்டி போதும். அமாவாசைக்கு முன்னும் பின்னும் மூன்று நாள் சிறந்தது. அது தோதுப்படாவிட்டால் தேய்பிறைப் பஞ்சமிக்குப் பிறகு போங்கள். பௌர்ணமி கழிந்தால் நிலா ஒவ்வொரு நாளும் சுமார் 50 நிமிடம் தாமதமாக எழும், அதனால் முன்னிரவு முழுக்க இருட்டாகவே கிடைக்கும். அமாவாசைக்குப் பின் அந்த மூன்று நாளைத் தாண்டிய வளர்பிறை வேண்டவே வேண்டாம். மாதம் என்றால் ஏப்ரல் முதல் ஆகஸ்ட் வரை. ஏன் என்பதைக் கீழே சொல்கிறேன்.

கூனபாரப்ரன் பக்கத்தில் இருப்பது வாரம்பங்கில் மலை. அந்த மண்ணின் பூர்வகுடிகளான கமிலராய் மக்களின் மொழியில் அந்தப் பெயருக்கு ‘கோணல் மலைகள்’ என்று பொருள். அங்குள்ள தேசியப் பூங்கா 2016-ல் ‘இருள் வானப் பூங்கா’ என்று அறிவிக்கப்பட்டது, ஆஸ்திரேலியாவிலேயே முதலாவது. மலைமேல் சைடிங் ஸ்பிரிங் வானாய்வகம் இருக்கிறது. 1974-ல் திறந்த 3.9 மீட்டர் தொலைநோக்கி இன்னும் வேலை செய்கிறது. இத்தனை விஞ்ஞானிகள் இந்த இடத்தைத் தேடி வந்ததற்குக் காரணமான அதே இருட்டைத்தான் கமிலராய் மக்களும் பக்கத்து மக்களும் ஆயிரமாயிரம் ஆண்டுகளாகப் படித்துவந்தார்கள்.

வழிகாட்டியோடு இரவு வானம் பார்க்கும் பயணத்துக்கு முன்பதிவு செய்யும்போது விலையைக் கேட்பதற்கு முன் இதைக் கேளுங்கள்: கதை சொல்லப்போவது யார்? அவர் எந்த மக்களைச் சேர்ந்தவர்? இது ரொம்ப முக்கியம். ஆஸ்திரேலியப் பூர்வகுடிகள் ஒரே மக்கள் இல்லை, நூற்றுக்கணக்கான மொழிகள், ஒவ்வொன்றுக்கும் தனி வானம். இங்கே ஈமுவின் தலையாக இருக்கும் இருட்டுத் திட்டு, மத்திய ஆஸ்திரேலியாவின் அரந்தா மக்களுக்குக் கழுகின் கூடு. பக்கத்தில் இருக்கும் தென்சிலுவை என்ற நட்சத்திரக் கூட்டம் அந்தக் கழுகின் கால்தடம். அதனால் ‘பூர்வகுடிக் கதைகள்’ என்று பொதுவாக விளம்பரம் போட்டு, சொல்பவர் யார் என்றே சொல்லாத பயணத்தை நான் எடுப்பதில்லை. அந்த மண்ணுக்கு உரியவரே தன் கதையைச் சொல்லும் பயணத்துக்குக் கொஞ்சம் கூடுதலாகக் கொடுத்தாலும் தகும். அப்புறம், எத்தனை பேர் வருவார்கள், மேகம் மூடினால் வேறு நாள் தருவார்களா என்பதையும் கேட்டுக்கொள்ளுங்கள். இருபது பேருக்கு மேல் என்றால் குழந்தைகளின் செல்போன் வெளிச்சமே இருட்டைக் கெடுத்துவிடும்.

பகலிலேயே போய்ச் சேர்ந்துவிடுங்கள். மட்ஜி, கல்காங் வழியாகப் போனால் பிரிவா என்ற சின்ன ஊரில் சாலையோரம் புளூட்டோவின் பலகை நிற்கும், சாலை நெடுக அமைத்த சூரியக் குடும்ப மாதிரியின் ஒரு முனை அது. அங்கிருந்து ஒவ்வொரு கோளாகத் தாண்டி வானாய்வகம் வரை போகலாம், சூரியன் இடத்தில் அந்தப் பெரிய தொலைநோக்கியின் குவிமாடம். தூரங்களை 3.8 கோடி மடங்கு சுருக்கி வைத்திருக்கிறார்கள். பிள்ளைகள் தூங்காமல் வருவார்கள். பொழுது சாயும் நேரத்தில் கங்காரு குறுக்கே பாயும், அந்த நேரத்தில் வண்டி ஓட்டவே கூடாது. செல்போனுக்குப் பல இடங்களில் சிக்னல் இருக்காது, வரைபடத்தை முன்கூட்டியே இறக்கிக்கொள்ளுங்கள்.

குளிரைக் குறைத்து எடைபோடாதீர்கள். ஜூன், ஜூலையில் இரவில் பூஜ்யத்துக்குக் கீழே போகும். நடந்துகொண்டே இருந்தால் தெரியாது, இரண்டு மணி நேரம் அசையாமல் உட்கார்ந்தால் மண்ணிலிருந்து குளிர் ஏறும். அம்மாவுக்கு இரண்டு ஜோடி காலுறை, உள்ளே தெர்மல், மேலே ஸ்வெட்டர், அதற்குமேல் சால்வை, காதை மூடும் குல்லாய். தரையில் முதலில் தடித்த பாய், அதன்மேல் கம்பளி. ஃப்ளாஸ்க்கில் சுக்குக் காப்பி. டார்ச் கொண்டுபோனால் சிவப்புக் கண்ணாடித் தாளை இரண்டு மடிப்பாகச் சுற்றி ரப்பர் போட்டுவிடுங்கள். கண் இருட்டுக்குப் பழக 20 முதல் 30 நிமிடம் பிடிக்கும். ஒரே ஒரு முறை செல்போனைத் திறந்தாலும் அத்தனையும் வீண், முதலிலிருந்து தொடங்க வேண்டும். நான் போனை வண்டியிலேயே விட்டுவிட்டேன்.

எங்களுக்கு வழிகாட்டியாக வந்தவர் வயதான கமிலராய்ப் பெண்மணி. அங்கே மூத்தவர்களை அங்கிள், ஆன்ட்டி என்று அழைப்பது மரியாதைச் சொல், ஆனால் அவர்கள் இசைந்த பிறகுதான். ‘உங்களை எப்படிக் கூப்பிடலாம்?’ என்று முதலிலேயே கேட்டுவிடுவது நல்லது. நான் கேட்டேன், ‘ஆன்ட்டி என்றே கூப்பிடு’ என்றார். சிவப்பு வெளிச்சத்தில் ஒரு குச்சியால் புழுதியில் ஒரு ஈமுவை வரைந்தார். நீண்ட கழுத்து, குவிந்த முதுகு, ஓடுகிற கால்கள். பிறகு உள்ளங்கையால் கால்களை மட்டும் அழித்தார். ‘இப்போது இது ஓடவில்லை, உட்கார்ந்திருக்கிறது’ என்று சொல்லிவிட்டு டார்ச்சை அணைத்தார்.

சரி, வானத்தில் அதை எப்படிக் கண்டுபிடிப்பது? ஜூன் மாதம் இரவு எட்டு மணி என்று வைத்துக்கொள்ளுங்கள். தெற்கே பார்த்து நின்று தலையைத் தூக்குங்கள். உயரத்தில் தென்சிலுவை, சின்னதாக, காற்றாடி போல. அதற்கு இடப்பக்கம் அடுத்தடுத்து இரண்டு பிரகாசமான நட்சத்திரங்கள். அவற்றில் சிலுவைக்குத் தள்ளியிருப்பதுதான் ஆல்ஃபா சென்டாரி, 4.3 ஒளி ஆண்டு தூரம். இப்போது நட்சத்திரங்களை விட்டுவிடுங்கள். சிலுவையை ஒட்டி, அந்த இரண்டு நட்சத்திரங்கள் இருக்கும் பக்கமாக, மை கொட்டியதுபோல் ஒரு கரிய திட்டு தெரியும். அது ஓட்டை இல்லை. சுமார் 600 ஒளி ஆண்டு தூரத்தில் இருக்கும் தூசு மேகம், பின்னாலிருக்கும் ஒளியை மறைக்கிறது. அதுதான் ஈமுவின் தலை. அங்கிருந்து ஒரு கறுப்புக் கோடு அந்த இரண்டு நட்சத்திரங்களின் வழியாகக் கிழக்கு நோக்கி இறங்கும், அது கழுத்து. விருச்சிகத்தின் வால் பக்கம் வரும்போது இருட்டு அகன்று உடலாகிறது. ஒரே இடத்தை வெறிக்காமல் பார்வையைத் தலையிலிருந்து உடல் வரை மெல்ல ஓட்டுங்கள். படுத்துக்கொண்டு பார்த்தால் இன்னும் சுலபம். ஒரு கணம் ஒன்றும் இருக்காது, அடுத்த கணம் பால்வீதியின் பாதி நீளத்துக்கு ஒரு பறவை நிற்கும். அப்புறம் அதைப் பார்க்காமல் இருக்கவே முடியாது.

மாதத்தைப் பார்த்துப் போகச் சொன்னது இதற்குத்தான். கமிலராய், யுவாலியாய் மக்கள் ஈமுவை தினவன் என்கிறார்கள், வானத்து ஈமுவுக்குத் தனிப் பெயர் கவர்கய். ஏப்ரல், மே மாதங்களில் மாலையில் அது எழும்போது கால் நீட்டி ஓடுவதுபோல் தெரியும். தரையில் பெட்டை ஈமு ஆணைத் துரத்துகிற காலமும் அதுவே. ஜூன், ஜூலையில் கால்கள் மறைந்து பறவை உட்கார்ந்துவிடும். தரையில் ஆண் ஈமு கூட்டில் அமர்ந்துவிட்ட காலம் அது. ஈமுவில் அடைகாப்பது ஆண்தான், எட்டு வாரம் போல, ஏறக்குறைய பட்டினியாக. கூட்டில் எப்போது முட்டை இருக்கும் என்பதை வானத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டார்கள். நவம்பரில் பறவை அடிவானத்துக்குத் தாழ்ந்துவிடும், நீர்க்குழியில் இறங்கிவிட்டது என்பார்கள். பால்வீதிக்கு அவர்கள் சொல் வாரம்புல். வெள்ளம் வரும்போது ஓடும் கால்வாய்க்கும் அதே சொல். நாம் ஆகாச கங்கை என்கிறோமே, அதை ஆன்ட்டியிடம் சொன்னேன். ‘ஆறுதான், வேறென்ன’ என்றார்.

அம்மா பிறந்தது விழுப்புரம் பக்கம் ஒரு கிராமம். இரவு முறைத் தண்ணீர் பாய்ச்சத் தாத்தாவோடு வயலுக்குப் போய்ப் பழகியவர். பாயில் படுத்தபடி, ஈமுவின் உடலுக்கு மேலே சிவப்பாக மினுங்கிய ஒன்றைக் காட்டி, “அது கேட்டைதானேடா?” என்றார். கேட்டையேதான். ஊரில் தெற்கே தெரிவது இங்கே உச்சியை நோக்கி ஏறிக்கொண்டிருந்தது. ஆன்ட்டி அந்தச் சொல்லைக் கேட்டு இரண்டு முறை சொல்லிப் பார்த்தார். ‘ட்டை’ அவருக்குச் சரியாக வரவில்லை, அம்மா திரும்பச் சொல்லிக்கொடுத்தார்.

ஆன்ட்டி அன்று சொன்ன கதைகளை இங்கே எழுதவில்லை. மேலே சொன்னது அந்த மக்கள் பொதுவில் பகிர்ந்துகொண்டது மட்டும். கதைக்கு உரிமையாளர்கள் உண்டு. சில ஆண்களுக்கு மட்டும், சில பெண்களுக்கு மட்டும், சில அந்தக் குடும்பத்துக்கு மட்டும். ‘இதற்குமேல் சொல்ல முடியாது’ என்றால் விட்டுவிடுங்கள், தூண்டிக் கேட்காதீர்கள். ஒலிப்பதிவோ படமோ எடுக்க வேண்டுமென்றால் முதலில் கேளுங்கள். கதை நடுவே அமைதி விழும், அதை நிரப்பக் கேள்வி கேட்க வேண்டாம். எங்கள் குழுவில் ஒருவர் கேட்டுக்கொண்டே இருந்தார், ஆன்ட்டி பாதியில் நிறுத்தித் தொலைநோக்கிப் பக்கம் போய்விட்டார். மீதிக் கதை எங்களுக்குக் கிடைக்கவில்லை.

பயணம் முடிந்ததும் உடனே சிட்னிக்குத் திரும்பாதீர்கள், ஊரிலேயே தங்குங்கள். முடிந்தால் அதிகாலை ஐந்தரைக்கு எழுந்து வெளியே வாருங்கள். ஜூன் கடைசியில் வடகிழக்கே, அடிவானத்துக்குச் சற்று மேலே கார்த்திகைக் கூட்டம் இருக்கும். கமிலராய் மொழியில் மியாய் மியாய், ஏழு சகோதரிகள். கண்ணாடியில் படிந்த பனியை நான் சுரண்டிக்கொண்டிருந்தபோது அம்மா வண்டிக்குப் பக்கத்தில் சால்வையைப் போர்த்தி நின்று விரல் விட்டு எண்ணினார். அவருக்கு ஆறுதான் வந்தது. ஏழாவதைத் தேடிக்கொண்டு, வானம் வெளுக்கும்வரை வண்டியில் ஏறவில்லை.