வங்கிக் கணக்கு முடங்கியபோது நான் செய்தது

ஈத்தாமொழியில் சின்னதாக ஒரு கயிறு பட்டறை வைத்திருக்கிறேன். ஒரு சனிக்கிழமை, சம்பளப் பணம் எடுக்க வங்கிக்குப் போனால் கணக்கு முடக்கம். மேலாளர் ஒரு தாளை நீட்டினார்: டிஆர்சி-13. ஜிஎஸ்டி பாக்கி 2,84,000 ரூபாயை என் கணக்கிலிருந்து கட்டச் சொல்லி வங்கிக்கு வந்த நோட்டீஸ். எனக்கு ஒரு கடுதாசிகூட வரவில்லையே!

வந்திருந்தது. ஜிஎஸ்டி போர்ட்டலில், நான் எட்டியே பார்க்காத ‘கூடுதல் நோட்டீஸ்கள்’ பக்கத்தில். விளக்கம் கேட்டது, விசாரணைக்குக் கூப்பிட்டது, கடைசியில் உத்தரவு, எல்லாம் அங்கேயே தூங்கிக் கிடந்தன. கதம்பல் (தேங்காய் மட்டை) தூசிக்குள் நிற்கிறவன் தினமும் போர்ட்டலைத் திறப்பானா?

நாகர்கோவில் ஆடிட்டர் முதலில் பார்த்தது உத்தரவின் தேதியை. “அண்ணே, இன்னும் 2 மாசம்கூட ஆகலையே.” ஜிஎஸ்டி சட்டத்தின் 78-ஆம் பிரிவுப்படி உத்தரவு சேர்ந்த நாளிலிருந்து பணம் கட்ட 3 மாதம் உண்டு. அதற்கு முன்பே கேட்பதென்றால் அதிகாரி காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். உத்தரவில் அப்படி ஒரு வரியும் இல்லை. அதையே மனுவாக எழுதினோம். கூடவே மேல்முறையீடு. ஆட்சேபிக்கும் வரியில் 10 சதவீதம் கட்டினால் மீதி வசூல் நிற்கும் என்கிறது 107-ஆம் பிரிவு. கேட்டது முழுக்க வரிதான் என்பதால் 28,400 கட்டினேன்.

அதிகாரி மறுக்கவில்லை, அவசரப்படவும் இல்லை. ஒன்பதாம் நாள் விடுவிப்புக் கடிதம் வந்தது. வங்கிக்கு மெயில் போய்ச் சேரும் என்று நம்பாமல் நகலோடு நானே வங்கிக்குப் போனேன். அதுவரை சம்பளம் மச்சானிடம் வாங்கிய கைமாற்றில் ஓடியது.

மேல்முறையீடு இன்னும் நடக்கிறது. திங்கள்தோறும் மகள் அந்தப் பக்கத்தைத் திறந்து பார்த்துவிடுகிறாள்.