சின்னக் கல்யாணத்துக்கு ஒரே இடம் போதும்

நாற்பது, ஐம்பது பேரோடு கல்யாணத்தை முடிக்க நினைத்தால் தாலி கட்ட ஒரு கோயில், சாப்பிட ஒரு ஹால் என்று பிரிக்காதீர்கள். வேன் பிடிப்பதிலும் பெரியவர்களை ஏற்றி இறக்குவதிலுமே பாதி நாள் போய்விடும். இடம் பார்க்கப் போகும்போது மேடையைப் பார்ப்பதற்கு முன்னால் சாப்பாட்டுக் கூடத்தைப் பாருங்கள். வந்தவர்கள் எல்லோரும் ஒரே பந்தியில் உட்கார முடியுமா, பக்கத்திலேயே கை கழுவத் தண்ணீர் வருகிறதா, பெண்ணுக்குச் சேலை மாற்றத் தாழ்ப்பாள் ஒழுங்காக விழுகிற ஒரு அறை, ஆச்சி படியேறாமல் போகிற மாதிரி ஒரு கழிப்பறை, இவ்வளவும் இருந்தால் முன்பணம் கொடுத்துவிடலாம், அலங்காரமெல்லாம் அப்புறம். மறுவீட்டுச் சொதிச் சாப்பாட்டையும் (சொதி என்றால் தேங்காய்ப்பால் குழம்பு) அங்கேயே போடுவதாக இருந்தால் உள்ளே சமைக்க விடுவார்களா, வாடகை எத்தனை மணி வரை என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். சொதி சூடாக இலைக்கு வந்தால்தான் ருசி.

திருநெல்வேலியில் ஆற்றுக்குள்ளேயே இருக்கிற குறுக்குத்துறை முருகன் கோயில் அவ்வளவு அழகு, சரி. ஆனால் ஐப்பசி, கார்த்திகையில் தாமிரபரணியில் பெருவெள்ளம் வந்தால் கோயிலே மூழ்கிவிடும், அந்த மாதங்களில் முகூர்த்தம் என்றால் மேட்டில் இருக்கிற இடமாகப் பாருங்கள்.

எந்த இடமானாலும் ரசீதையும் அழைப்பிதழையும் பத்திரமாக வையுங்கள். 90 நாளுக்குள் திருமணத்தைப் பதிவு செய்யப் போகும்போது அவை தேவைப்படும்.