மியூச்சுவல் ஃபண்ட், டீமேட் கணக்கில் பெயர் மாற்றம்: எங்கே தொடங்கி எங்கே முடிப்பது?

திருமணத்துக்குப் பிறகு இனிஷியல் மாறியிருக்கும், அல்லது கெஜட்டில், அதாவது அரசிதழில், பெயரையே மாற்றியிருப்பீர்கள். காரணம் எதுவாக இருந்தாலும் பெரும்பாலானவர்கள் முதலில் புரோக்கர் ஆப்பைத் திறந்து, ப்ரொஃபைல் பக்கத்தில் பெயரைத் திருத்த வழி இருக்கிறதா என்று தேடுகிறார்கள். மொபைல் எண், மின்னஞ்சல், முகவரி எல்லாம் அங்கே மாற்ற முடிகிறது, பெயர் மட்டும் அசைய மாட்டேன் என்கிறது. அது பான் பதிவோடு ஒத்துப்போக வேண்டிய பெயர், அதனால்தான். பான் மாறாமல் அங்கே எதுவும் மாறாது.

ஆகவே முதலீட்டுக் கணக்கு வரிசையில் கடைசியில்தான் வரும். ஆதார், பான், வங்கி, கேஒய்சி (முதலீட்டாளரின் அடையாளப் பதிவு), அதற்குப் பிறகு ஃபோலியோவும் (ஃபண்ட் நிறுவனத்தில் உங்கள் பெயரில் உள்ள கணக்கு) டீமேட்டும் (பங்குகளை மின்னணு வடிவில் வைத்திருக்கும் கணக்கு). இந்த வரிசையில் போனால் ஒவ்வொரு இடத்திலும் முந்தைய இடத்தில் வாங்கிய ஆவணமே சான்றாகிவிடும். நடுவிலிருந்து தொடங்கினால் "பெயர் பொருந்தவில்லை" என்று விண்ணப்பம் திரும்பி வந்துகொண்டே இருக்கும்.

முதலில் ஒரு கேள்வி: மாற்றத்தான் வேண்டுமா?

திருமணமானால் பெண் தன் பெயரையோ இனிஷியலையோ மாற்ற வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. பான் கார்டிலும் திருமணத்துக்குப் பிறகு அப்பா பெயர் அப்படியேதான் இருக்கும், கணவர் பெயர் அந்த இடத்துக்கு வராது. ஆதார், பான், வங்கி மூன்றிலும் பழைய பெயர் ஒரே மாதிரி இருக்கிறது, உங்களுக்கும் அந்தப் பெயரிலேயே தொடர விருப்பம் என்றால் எதையும் தொட வேண்டாம் என்பதுதான் என் கருத்து. சொந்தக்காரர்கள் சொல்கிறார்கள் என்பதற்காக ஐந்தாறு இடங்களில் பெயர் மாற்றத் தொடங்கி, பாதியில் களைத்துப்போய், இரண்டு இடத்தில் புதுப் பெயரும் மூன்று இடத்தில் பழைய பெயருமாக விட்டுவிடுவதுதான் எல்லாவற்றையும்விட மோசமான நிலை. ஆனால் உங்களுக்கே புதுப் பெயர் வேண்டும் என்றால், அல்லது விவாகரத்துக்குப் பிறகு பழைய பெயருக்குத் திரும்ப நினைத்தால், தயங்காமல் செய்யுங்கள். வேலை கொஞ்சம் நீளம்தான், கடினம் இல்லை.

இனிஷியல்: நம் ஊரில் பாதிச் சிக்கல் இங்கேதான்

கவிதா என்று ஒருவர், அப்பா பெயர் செல்வராஜ் என்று வைத்துக்கொள்வோம். வங்கியில் "எஸ். கவிதா", ஆதாரில் "கவிதா எஸ்", பானில் "கவிதா செல்வராஜ்". மூன்றும் ஒரே ஆள்தான் என்று நமக்குத் தெரியும், கணினிக்குத் தெரியாது. பான் விண்ணப்பத்தில் இனிஷியலை விரித்து முழுப் பெயராக எழுதச் சொல்வார்கள், கடைசிப் பெயர் என்ற கட்டமும் கட்டாயம், நமக்கோ குடும்பப் பெயர் கிடையாது, அதனால் அப்பா பெயர் அங்கே போய் உட்கார்ந்துவிடுகிறது.

இனிஷியலை விரிப்பதும் பெயரை மாற்றுவதும் வேறு வேறு. "எஸ். கவிதா"வை "கவிதா செல்வராஜ்" ஆக்குவது, விட்டுப்போன ஒரு எழுத்தைச் சேர்ப்பது போன்றவை திருத்தங்கள். பிறப்புச் சான்றிதழ், பள்ளிச் சான்றிதழ், பாஸ்போர்ட் மாதிரி ஏதாவது ஒரு ஆவணத்தில் சரியான எழுத்துக்கூட்டல் இருந்தால் பெரும்பாலும் அதுவே போதும். "கவிதா செல்வராஜ்" என்பதை "கவிதா முருகன்" ஆக்குவது பெயர் மாற்றம், அதற்குத் திருமணச் சான்றிதழோ அரசிதழோ வேண்டும். உங்களுடையது இதில் எந்த வகை என்று முதலிலேயே தெளிவாகிவிட்டால், தேவையில்லாமல் கெஜட்டுக்கு அலைய வேண்டியதில்லை.

இப்போதே ஒரு தாளை எடுத்து, இனி உங்கள் பெயர் ஆங்கிலத்தில் எப்படி இருக்கப்போகிறது என்று எழுத்து எழுத்தாக எழுதி வைத்துக்கொள்ளுங்கள். இரட்டை எழுத்து வருகிறதா, "டி"யா "டிஎச்"சா, அப்பா அல்லது கணவர் பெயர் முன்னால் வருமா பின்னால் வருமா, எல்லாமே. இனி எந்தப் படிவத்தை நிரப்பினாலும் அந்தத் தாளைப் பார்த்துத்தான் நிரப்ப வேண்டும்.

சான்று

திருமணத்தால் வரும் மாற்றத்துக்குத் திருமணப் பதிவுச் சான்றிதழ். கணவர் பெயர் உள்ள பாஸ்போர்ட்டும் பல இடங்களில் ஏற்கப்படும். மற்ற காரணங்களுக்கு, அதாவது எண் ஜோதிடம், மத மாற்றம், பிடித்த பெயர் என்று எதற்காக மாற்றினாலும், அரசிதழ் அறிவிப்புதான் ஆதாரம். தமிழ்நாட்டில் இதை வெளியிடுவது அரசின் எழுதுபொருள் மற்றும் அச்சுத்துறை. விண்ணப்பத்தில் எழுதும் எழுத்துக்கூட்டல்தான் அரசிதழில் அச்சாகும், அது தவறினால் அதற்குப் பின்னால் எல்லாமே தவறும். வெளியான பக்கத்தைப் பல நகல்கள் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், பழைய பெயரையும் புதுப் பெயரையும் ஒரே தாளில் இணைத்துக் காட்டுவது அது ஒன்றுதான்.

ஆதாரும் பானும்

ஆதாரை முதலில் மாற்றுங்கள். பான் திருத்தத்தை ஆதார் வழியாக ஆன்லைனில் செய்யும்போது இரண்டிலும் பெயர் பொருந்த வேண்டும், ஆதாரில் பழைய பெயர் இருந்தால் அங்கேயே நின்றுவிடும். ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்ற முடியும், அதனால் மையத்தில் திரையில் தெரியும் பெயரை ஒவ்வொரு எழுத்தாகப் படித்துப் பார்த்த பிறகே சரி என்று சொல்லுங்கள். கூட்டமாக இருக்கிறதே, பின்னால் ஆள் நிற்கிறாரே என்று அவசரப்பட வேண்டாம்.

பான் திருத்தத்தை, பான் விண்ணப்பங்களை வாங்கும் நிறுவனங்களான புரோட்டீன் அல்லது யூடிஐஐடிஎஸ்எல் தளத்தில் செய்யலாம். இங்கே ஒரு எச்சரிக்கை: நீங்கள் நிரப்ப வேண்டியது பான் விவரங்களைத் திருத்தும் படிவம், புதுப் பான் கேட்கும் படிவம் இல்லை. பெயர் மாறினாலும் பான் எண் ஆயுளுக்கும் அதேதான். தெரியாமல் புதுசாக விண்ணப்பித்து இரண்டு பான் வாங்கிவிட்டால் 10,000 ரூபாய் அபராதம் வரை போகலாம். திருத்தப் படிவத்தில் எந்த விவரத்தை மாற்றுகிறீர்களோ அதன் இடப்பக்கம் உள்ள கட்டத்தில் டிக் செய்ய வேண்டும், அதை விட்டுவிட்டால் பெயரை எழுதியும் பயனில்லை.

புதுக் கார்டு வந்ததும் வருமான வரி இ-ஃபைலிங் தளத்தில் நுழைந்து, அங்கே உங்கள் பெயர் எப்படித் தெரிகிறது, பான்-ஆதார் இணைப்பு சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். இணைப்பு இல்லாமல் பான் செயலிழந்தால் டிவிடெண்டில் 20 சதவீதம் டிடிஎஸ் (பணம் தரும்போதே கழிக்கும் வரி) பிடித்துவிடுவார்கள்.

வங்கி

புதுப் பான், ஆதார், திருமணச் சான்றிதழ் அல்லது அரசிதழ் நகலோடு கிளைக்குப் போய் எழுதிக் கொடுங்கள். கணக்கு எண் மாறாது, அதனால் எஸ்ஐபிக்கு, அதாவது ஃபண்டில் தவணை முறையில் போடும் முதலீட்டுக்கு, கொடுத்த ஆட்டோ டெபிட் அனுமதி பொதுவாகத் தொடரும், இருந்தாலும் அடுத்த தவணை பிடிக்கப்பட்டதா என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள். புதுப் பெயர் அச்சிட்ட காசோலைப் புத்தகமும் கேட்டு வாங்குங்கள், பெயர் அச்சான ஒரு ரத்து செய்த காசோலை பின்னால் பல இடங்களில் தேவைப்படும்.

கையெழுத்தையும் மாற்றப் போகிறீர்களா? அப்படியானால் அதையும் இப்போதே வங்கியில் பதிவு செய்துவிடுங்கள். ஃபண்ட் நிறுவனத்தில் கையெழுத்தை மாற்றும்போது வங்கி அதிகாரியின் சான்றொப்பம் கேட்பார்கள். பழைய கையெழுத்தையே வைத்துக்கொண்டால் இந்த ஒரு வேலை மிச்சம், பெயர் மாறினால் கையெழுத்தும் மாற வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

கேஒய்சி

பங்குச் சந்தையை ஒழுங்குபடுத்தும் செபியின் ஏற்பாட்டில் உங்கள் அடையாள விவரங்கள் கேஆர்ஏ என்ற நிறுவனங்களிடம் இருக்கின்றன, புரோக்கரும் ஃபண்ட் நிறுவனமும் அங்கிருந்துதான் எடுக்கிறார்கள். நீங்கள் முதலீடு வைத்திருக்கும் ஏதாவது ஒரு ஃபண்ட் நிறுவனம், அல்லது புரோக்கர், அல்லது ஃபண்டுகளின் கணக்குப் பதிவாளர்களான கேம்ஸ், கேஃபின்டெக் நிறுவனங்களின் சேவை மையம் வழியாகக் கேஒய்சி மாற்றப் படிவத்தைக் கொடுக்கலாம். நகல்களில் நீங்களே கையெழுத்திட்டு, சரிபார்க்க அசலையும் கொண்டு போங்கள்.

நிலையை கேஆர்ஏ தளத்தில் பான் எண்ணைக் கொடுத்துப் பார்க்கலாம். "வேலிடேட்டட்" என்று வந்தால் நல்லது. "ஆன் ஹோல்டு" என்றால் ஏதோ பொருந்தவில்லை என்று அர்த்தம், அது தீரும்வரை பணம் போடுவதும் எடுப்பதும் முடங்கலாம். அதனால்தான் சொல்கிறேன், கல்லூரிக் கட்டணம், வீட்டு முன்பணம் என்று சீக்கிரமே பணம் எடுக்க வேண்டியிருந்தால் அதை முதலில் முடித்துவிட்டு, அப்புறம் இந்த வேலையில் இறங்குங்கள்.

ஃபோலியோக்கள்

கேஒய்சி மாறினால் எல்லா ஃபோலியோவிலும் பெயர் தானாக மாறிவிடும் என்று நம்பி இருந்துவிடாதீர்கள். உங்கள் பான் எண்ணுக்கு வரும் ஒருங்கிணைந்த கணக்கு அறிக்கையை, அதாவது சிஏஎஸ்-ஐ, பதிவிறக்குங்கள். எப்போதோ 500 ரூபாய் எஸ்ஐபி போட்டு மறந்துபோன ஃபோலியோ உட்பட எல்லாம் அதில் இருக்கும். பழைய பெயர் தெரியும் ஃபோலியோக்களைக் குறித்துக்கொண்டு, அந்த ஃபண்டுக்குக் கேம்ஸ் பதிவாளரா கேஃபின்டெக் பதிவாளரா என்று பார்த்து, பெயர் மாற்றக் கோரிக்கை, புதுப் பான் நகல், சான்று, ரத்து செய்த காசோலை இவற்றைச் சேர்த்துக் கொடுங்கள். ஃபோலியோவில் உள்ள வங்கிக் கணக்கிலும் பெயர் பொருந்துகிறதா என்று பாருங்கள், இல்லாவிட்டால் யூனிட்டை விற்ற பணம் கணக்கில் ஏறாமல் திரும்பிப் போகும் ஆபத்து உண்டு.

டீமேட்

புரோக்கரிடம் பெயர் மாற்றப் படிவம் கேளுங்கள். கூட்டுக் கணக்கு என்றால் எல்லாரும் கையெழுத்திட வேண்டும். புதுக் கணக்கு திறந்து பங்குகளை அதற்கு மாற்றிக்கொள்ளுங்கள் என்று யாராவது சொன்னால் ஒத்துக்கொள்ள வேண்டாம், டீமேட் கணக்குகளைப் பராமரிக்கும் என்எஸ்டிஎல், சிடிஎஸ்எல் இரண்டிலும் அதே கணக்கு எண்ணை வைத்துக்கொண்டே பெயரை மட்டும் மாற்ற வழி இருக்கிறது. பங்குகளை வாங்கி விற்கும் டிரேடிங் கணக்கிலும் பெயர் மாறியதா என்று தனியாகக் கேளுங்கள், டீமேட்டில் மட்டும் மாற்றிவிட்டு இதை விட்டுவிடுவது நடக்கக்கூடியதுதான்.

கொடுத்த ஒவ்வொரு படிவத்துக்கும் ஒப்புகைச் சீட்டு வாங்குங்கள். பதில் வராமல் இழுத்தால் முதலில் அந்த நிறுவனத்திடமே எழுத்தில் புகார் கொடுங்கள், அதற்கும் அசையவில்லை என்றால் செபியின் ஸ்கோர்ஸ் என்ற புகார் தளத்தில் பதிவு செய்யுங்கள். அங்கே போன புகாருக்கு நிறுவனம் 21 நாட்களுக்குள் பதில் சொல்லியாக வேண்டும்.

நாமினி

உங்கள் கணக்குகள் முடிந்தன, ஆனால் மற்றவர்கள் கணக்கில் நீங்கள் நாமினியாக இருப்பீர்களே, அம்மாவின் ஃபோலியோ, அப்பாவின் டீமேட், கணவரின் வங்கிக் கணக்கு? அவற்றில் எல்லாம் இன்னும் உங்கள் பழைய பெயர்தான் இருக்கும். அதை அந்தக் கணக்குக்காரர்தான் மாற்ற முடியும், பெரும்பாலும் ஆன்லைனில் ஓடிபி போட்டாலே போதும். அவர்கள் நலமாக இருக்கும்போதே உட்கார்ந்து மாற்றச் சொல்லுங்கள். அதுவரைக்கும், அதற்குப் பிறகும்கூட, அந்தத் திருமணச் சான்றிதழ் அல்லது அரசிதழின் அசலைப் பத்திரமாக வைத்திருங்கள்.