ஒரே ஒரு பிரிவைப் பிடித்துக்கொள்ளுங்கள்: அரசியல் நிர்ணய சபை விவாதங்களைப் படிப்பது எப்படி?

நம் அரசமைப்புச் சட்டத்தை எழுதியபோது யார் என்ன பேசினார்கள் என்பதெல்லாம் அப்படியே பதிவாகியிருக்கிறது. மொத்தம் 12 தொகுதிகள். 1946 டிசம்பர் 9-இல் தொடங்கி 1950 ஜனவரி 24-இல் முடிகின்றன. முதல் பக்கத்திலிருந்து வரிசையாகப் படிக்க உட்காராதீர்கள், சீக்கிரமே சலித்துவிடும். ஒரு பிரிவை எடுத்துக்கொண்டு, அது பிறந்த நாளிலிருந்து அதன் பின்னாலேயே போங்கள்.

இங்கே நான் எடுத்துக்கொள்வது 17-ஆம் பிரிவு, தீண்டாமை ஒழிப்பு. சின்னப் பிரிவு என்பதால் தொடக்கநிலையில் இருப்பவர்களுக்கு ஏற்றது. இன்னொரு காரணமும் உண்டு: அந்த விவாதத்தில் நம் உதகைக்காரர் ஒருவர் பேசியிருக்கிறார்.

படி 1: கோப்புகளை இறக்கிவையுங்கள்

நாடாளுமன்றத்தின் இணைய நூலகத்தில் தொகுதிகள் இலவசமாகவே கிடைக்கின்றன. 3, 7 ஆகிய இரண்டும் இப்போதைக்குப் போதும். குந்தா, மஞ்சூர் பக்கம் இருப்பவர்கள் ஊட்டிக்கோ குன்னூருக்கோ வரும்போது இறக்கிக்கொண்டால், மழைக்காலத்தில் சிக்னலை நம்பியிருக்க வேண்டாம்.

படி 2: பழைய எண்ணைக் கண்டுபிடியுங்கள்

புதிதாகப் படிப்பவர்கள் திணறும் இடம் இதுதான். 1948 விவாதத்தில் 17 என்று தேடினால் கட்டாய உழைப்பையும் ஆள் கடத்தலையும் தடுக்கும் பிரிவு வரும். அதுதான் இன்றைய 23. தீண்டாமை ஒழிப்பு அப்போது வரைவுப் பிரிவு 11.

ஏன் இப்படி? 1947 அக்டோபரில் சபையின் அரசமைப்பு ஆலோசகர் பி.என். ராவ் ஒரு முதல் வரைவு தந்தார். அம்பேத்கர் தலைமையிலான வரைவுக் குழு அதைச் செப்பனிட்டு 1948 பிப்ரவரியில் 315 பிரிவுகளோடு தன் வரைவைக் கொடுத்தது. சட்டம் நிறைவேறும்போது பிரிவுகள் 395 ஆகிவிட்டன. நடுவில் புதியவை நுழைய நுழைய எண்களும் நகர்ந்தன. அதனால் எந்தப் பிரிவைப் படித்தாலும் பழைய எண், புதிய எண் இரண்டையும் முதலில் குறித்துக்கொள்ளுங்கள்.

படி 3: இரண்டு நாள் விவாதத்தையும் அருகருகே வையுங்கள்

முதல் நாள் 1947 ஏப்ரல் 29, தொகுதி 3. அடிப்படை உரிமைகள் பற்றிய இடைக்கால அறிக்கையை வல்லபாய் படேல் சபைக்குக் கொண்டுவருகிறார். சாதி அமைப்பை ஒழிக்காமல் தீண்டாமையை மட்டும் எப்படி ஒழிப்பீர்கள் என்று பிரமத ரஞ்சன் தாக்கூர் அன்று கேட்டார். கூர்மையான கேள்வி, நிதானமாகப் படியுங்கள்.

இரண்டாவது நாள் 1948 நவம்பர் 29, தொகுதி 7. இங்கேதான் நான் சொன்ன உதகைக்காரர் வி.ஐ. முனுசாமி பிள்ளை பேசுகிறார். 1937-இல் ராஜாஜி அமைச்சரவையில் வேளாண் துறை அமைச்சராக இருந்தவர். இந்தியாவின் மக்கள்தொகையில் ஆறில் ஒரு பங்கினர் இந்தப் பிரிவை வரவேற்பார்கள் என்கிறார். தாட்சாயணி வேலாயுதனும் அன்று பேசினார். நம் மலையிலிருந்து போன ஒருவரின் பேச்சு இந்தப் பக்கங்களில் இருப்பதை நம் பள்ளிப் பிள்ளைகள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும்.

படி 4: தோற்ற திருத்தங்களைத் தவறவிடாதீர்கள்

மொத்தம் 7,635 திருத்தங்கள் வந்தன, அவற்றில் 2,473 சபையில் முன்வைக்கப்பட்டன என்று அம்பேத்கரே 1949 நவம்பர் 25 உரையில் சொல்கிறார். தோற்றவற்றைப் படித்தால்தான் சபை எதை வேண்டாம் என்று ஒதுக்கியது என்பது புரியும். நமது பிரிவுக்கு நசிருதீன் அகமது ஒரு திருத்தம் கொண்டுவந்தார், அம்பேத்கர் ஏற்கவில்லை. தீண்டாமை என்றால் என்ன என்ற விளக்கம் பிரிவில் இல்லையே என்று கே.டி. ஷா சுட்டிக்காட்டினார். அந்த விளக்கம் இன்றும் சேர்க்கப்படவில்லை. பிரிவு நிறைவேறியதும் ‘மகாத்மா காந்தி கி ஜே’ என்று உறுப்பினர்கள் முழங்கியது வரை பதிவாகியிருக்கிறது.

பிறகு 1947 வாசகத்தையும் இன்றைய வாசகத்தையும் ஒப்பிடுங்கள். தீண்டாமையை எந்த வடிவிலும் கடைப்பிடிக்கக் கூடாது என்ற தடையும், ‘சட்டத்தின்படி’ தண்டிக்கத்தக்க குற்றம் என்பதும் பின்னால் வந்து சேர்ந்தவை. தீண்டாமைக் குற்றங்களுக்கான அந்தத் தனிச் சட்டம் 1955-இல் வந்தது.

குறிப்பெடுக்கும்போது தேதியை எழுதுங்கள். பதிப்புக்குப் பதிப்பு பக்க எண் மாறினாலும் தேதி மாறாது.

படி 5: அடுத்ததாக ஐந்தாம் அட்டவணை

பழங்குடியினர் வாழும் ‘பட்டியல் பகுதி’களின் நிர்வாகம் பற்றியது இந்த அட்டவணை. தோடர், கோத்தர், இருளர், பணியர், காட்டுநாயக்கர் எல்லோரும் வாழும் நீலகிரி ஏன் பழங்குடியினருக்கான ‘பட்டியல் பகுதி’ ஆகவில்லை? தமிழ்நாட்டிலேயே அப்படி ஒரு பகுதி கிடையாது. இந்தக் கேள்வியோடு தொகுதி 1-இல் 1946 டிசம்பர் 19 அன்று பழங்குடித் தலைவர் ஜெய்பால் சிங் பேசியதைப் படியுங்கள். பிறகு தொகுதி 9-இல் 1949 செப்டம்பர் 5 விவாதத்துக்குப் போங்கள். எந்தெந்தப் பகுதி என்பதைச் சபை முடிவு செய்யவில்லை, குடியரசுத் தலைவரின் ஆணைக்கு விட்டது. அதனால் 1950-இல் வந்த ஆணையையும் தேடி எடுங்கள். அன்றைய சென்னை மாகாணத்திலிருந்து கோதாவரி, விசாகப்பட்டினம் மலைப்பகுதிகள் அதில் இடம்பெற்றிருக்கின்றன.