கண்மாய்க் கரையில் நின்று அங்கோரைப் புரிந்துகொள்வது எப்படி

கம்போடியாவின் பழைய தலைநகரமான அங்கோர் என்றாலே எல்லோரும் கோயில் கோபுரத்தில் ஆரம்பிப்பார்கள். நீங்கள் தண்ணீரில் ஆரம்பியுங்கள், மதுரைப் பக்கத்து ஆள் என்றால் பாதி பாடம் ஏற்கெனவே தெரியும்.

போனில் சேட்டிலைட் மேப்பைத் திறந்து, அங்கோருக்குப் பக்கத்து ஊரான சியம் ரீப்புக்குப் போங்கள். ஊருக்கு வடமேற்கே கோடு போட்டு வெட்டியதுபோல ஒரு நீள்சதுரம் தெரியும். அதுதான் மேற்கு பராய் (பராய் என்றால் அந்தக் காலத்து ராஜாக்கள் கட்டிய பெரிய நீர்த்தேக்கம்), நீளம் 8 கிலோமீட்டர், அகலம் 2 கிலோமீட்டருக்குச் சற்று மேல். நம் வண்டியூர் தெப்பக்குளத்தின் ஒரு பக்கம் சுமார் 300 மீட்டர்தான், கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். அப்படியே கிழக்கே நகர்த்தினால் கிழக்கு பராய். தண்ணீர் வற்றி வயலாகிவிட்டது, ஆனாலும் கரை தெரிகிறது. நடுவில் ஒரு கோயில் நிற்கும், 10ஆம் நூற்றாண்டில் கட்டிய கிழக்கு மெபோன். வயலுக்கு நடுவில் படித்துறை எதற்கு என்று குழம்ப வேண்டாம், தெப்பக்குளத்து மைய மண்டபம் மாதிரி அதுவும் ஒரு காலத்தில் தீவு.

அப்புறம் மதுரை மாடக்குளம் கண்மாய்க்குப் போய் கரைமேல் ஏறுங்கள். ஆயக்கட்டில், அதாவது கண்மாய்த் தண்ணீர் பாயும் வயல்களில், வீடுகள் முளைத்துவிட்டன, பரவாயில்லை. உள்ளே தண்ணீர் நிற்கும் மட்டத்தையும் வெளிப்பக்கத் தரையையும் மாறி மாறிப் பாருங்கள். கண்மாய் என்பது தோண்டிய பள்ளமில்லை, கரை போட்டு மறித்த தண்ணீர். பராயும் அதேதான், என்ன, நாம் சரிவுப் பக்கம் மட்டும் வில்லாக வளைத்தோம், அவர்கள் நாலு பக்கமும் அடைத்தார்கள்.

சரி, ஜனங்கள் எங்கே குடியிருந்தார்கள்? கல் சாமிக்கு மட்டும்தான், ராஜா உட்பட எல்லோருக்கும் மரவீடு, அது மக்கிப்போனது. 2012இல் ஹெலிகாப்டரிலிருந்து லேசரை அடித்து, காட்டின் இலைதழைக்கு அடியில் தரை எப்படி இருக்கிறது என்று அளந்தார்கள். அங்கோர் வாட் கோயில் மதிலுக்குள்ளேயே தெருக்கள், வீட்டு மேடுகள், பக்கத்தில் சிறு சிறு குளங்கள் என்று கட்டம் கட்டமாக வந்தது. அந்தப் படங்கள் இணையத்தில் கிடைக்கும்; கோயிலை விட்டுவிட்டு மேட்டையும் குளத்தையும் எண்ணுங்கள்.

கடைசியாக, கண்மாயில் மிஞ்சும் தண்ணீர் வெளியேறும் கலுங்கைப் பார்க்காமல் வராதீர்கள். வெள்ளம் வரும்போது அது அடைத்துக்கொண்டால் கரைக்கு என்ன ஆகும் என்று அங்கே நிற்கும் எந்தப் பெரியவரும் சொல்வார். அங்கோரின் தண்ணீர் ஏற்பாட்டுக்கும் அதே சோதனைதான். வியட்நாம் மலை மரங்களின் வளையங்களை எண்ணிப் பார்த்ததில், 14, 15ஆம் நூற்றாண்டுகளில் பல வருஷ வறட்சியும் நடுநடுவே பேய்மழையும் வந்தது தெரிந்திருக்கிறது. அங்கோரின் கால்வாய்களில் மண் அடித்து மேவிக் கிடந்ததையும் தோண்டிக் கண்டார்கள். கார்த்திகை மழைக்குப் பிறகு போனால் கலுங்கில் தண்ணீர் விழுவதைப் பார்க்க வாய்ப்புண்டு. கரை வழுக்கும், செருப்பைக் கழற்றிவிட்டு ஏறுங்கள்.