இயற்கணிதக் கோவை: எப்படிச் சுருக்குவது, எப்படிப் பெருக்குவது?

கோலாலம்பூர்த் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் ஆண்டு முடித்து முதலாம் படிவம் (இடைநிலைப்பள்ளியின் முதல் ஆண்டு) போகும் பிள்ளைக்கு, கணிதப் பாடநூலின் 5ஆம் பாடத்தில் இயற்கணிதக் கோவை, அதாவது 3ர + 2த போல எண்ணும் எழுத்தும் கலந்த கோவை, வருகிறது. மலாயில் படித்தால் பெயர்களும் மாறிவிடும். மாறி (எண்ணுக்குப் பதிலாக நிற்கும் எழுத்து) என்பது ‘பெம்போலே ஊபா’, கெழு (எழுத்துக்கு முன்னால் நிற்கும் எண்) ‘பெக்காலி’, உறுப்பு (கூட்டல், கழித்தல் குறிகள் பிரிக்கும் ஒவ்வொரு துண்டு) ‘செபுத்தான்’. ஒத்த உறுப்பு ‘செபுத்தான் செருப்பா’. சிரிப்பு வந்தால் நல்லதுதான், மறக்காது.

மாமாக் கடையில் (இந்திய முஸ்லிம் உணவகம்) ரொட்டி சானாயின் விலை ர, தே தாரேக்கின் விலை த என்று வையுங்கள். ர என்பது ரொட்டி அல்ல, அதன் விலை. அதாவது ஓர் எண். ‘ர என்றால் ரொட்டி’ என்று சொல்லிக்கொடுத்தால் கூட்டலில் ஒப்பேற்றிவிடலாம். ர × த வந்ததும் பிள்ளை முழிக்கும்: ரொட்டியைத் தேநீரால் எப்படிப் பெருக்குவது?

சுருக்கும்போது எழுத்தும் அடுக்கும் (ர²-இல் மேலே உள்ள சிறு எண்) ஒன்றாக இருப்பவற்றை மட்டும் சேருங்கள்.

3ர + 2த + 2ர + 4த = 5ர + 6த

இங்கே நிறுத்திவிட வேண்டும். இன்னும் ஏதோ பாக்கி இருப்பதாக நினைத்து 11ரத என்று ஒட்டுபவர்கள் ஏராளம். ர, ர² இரண்டும் ஒத்தவை அல்ல. ரத, தர இரண்டும் ஒத்தவை.

பெருக்கலுக்கு இந்தத் தடை கிடையாது. குறி, எண், எழுத்து என்ற வரிசையில் போங்கள்.

3ர²த × (−4ரத³) = −12ர³த⁴

எண்கள் பெருகும், அடுக்குகள் கூடும். அடுக்கு எழுதாத எழுத்துக்கு அடுக்கு 1. அதை 0 என்று எண்ணினால் ர² என்றே நின்றுவிடும்.

அடைப்புக்குறிக்கு முன்னால் கழித்தல் இருந்தால் கவனம்:

4ர − 2(ர − 3த) = 4ர − 2ர + 6த = 2ர + 6த

−2 உள்ளே இருக்கும் இரண்டு உறுப்புகளையும் பெருக்க வேண்டும். முதல் உறுப்போடு கை ஓய்ந்துவிடுவதால்தான் பலருக்கு −3த அப்படியே தங்கிவிடுகிறது. இரண்டு அடைப்புகள் என்றால் நான்கு பெருக்கல்:

(2ர + 3)(ர − 5) = 2ர² − 10ர + 3ர − 15 = 2ர² − 7ர − 15

(ர + 4)² என்பதும் இதே வகைதான். விடை ர² + 8ர + 16. நடுவில் உள்ள 8ர காணாமல் போவது வாடிக்கை.

விடையைச் சோதிக்க ர-வுக்கு 3 போடுங்கள்: 7² = 49; 9 + 24 + 16 = 49. 1 போட்டால் ர-வும் ர²-உம் ஒன்றாகிவிடும். 2 போட்டால் 2 + 2, 2 × 2 இரண்டுமே 4, தவறு ஒளிந்துகொள்ளும்.